கல்முனைக்குடி ஸ்டேஷனில் நின்றவர்கள்

மேடையில் நின்ற ஆட்கள் எல்லாரும் ரயிலுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நின்றார்கள்.

ஸம்றா விசைப்பலகையில் விரலை வைத்தபடி கொஞ்ச நேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். கணினித் திரையில் ரயில் வந்து நின்றுவிட்டது, எஞ்சின் உறுமிக்கொண்டிருந்தது. ரயிலுக்குக் காத்து நிற்கிற மனிதர் தண்டவாளத்தைப் பார்த்துத்தானே நிற்பார்கள்? இவர்கள் தண்டவாளத்தையும் அதற்கு அந்தப் பக்கம் கிடந்த கடலையும் பின்னால் விட்டுவிட்டு, மேற்கே, ஊருக்குள்ளே பார்த்துக்கொண்டு நின்றார்கள். போதாக்குறைக்கு எல்லாரும் வெள்ளை. உடுப்பும் வெள்ளை, கையும் வெள்ளை, தலையும் வெள்ளை.

"தோல் விழல்ல," என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். தோல் என்பது அஹ்ஸன் வைத்த பெயர். இந்த ரயில் விளையாட்டுக்குள் வருகிற எந்தச் சாமானுக்கும் இரண்டு கோப்பு உண்டு. ஒன்று அதன் உடம்பு. மற்றது உடம்பின் மேல் ஒட்டுகிற படம், அதுதான் தோல். தோலைக் காணாவிட்டால் விளையாட்டு அந்த உடம்பை வெள்ளையாகவே நிறுத்திவிட்டுப் போய்விடும். திசை பிசகுவதும் புதினமில்லை. பழைய விளையாட்டின் கோப்புப் பொதியை அவிழ்த்துப் புதியதற்கு மாற்றும்போது முன்பக்கம் பின்பக்கமாகிப்போகும்; எஞ்சினே ஒரு தடவை பின்னுக்கு ஓடியிருக்கிறது. ஆகவே பயப்பட ஒன்றுமில்லை என்று நினைத்தாள்.

கல்முனைக்குடியில் ஸ்டேஷன் ஏது? கிடையாதுதான். வெள்ளைக்காரன் போட்ட தண்டவாளம் மட்டக்களப்போடு நின்றுபோனது. அதற்குத் தெற்கே பொத்துவில் வரைக்கும் பஸ்ஸும் லொறியும் ஓட்டோவும்தான்; ரயில் பார்க்க வேண்டுமென்றால் பஸ் ஏறிப் போகவேண்டிய ஊர்கள். அந்தக் குறையைத் தீர்க்க வந்த மகாராசன்தான் அவளுடைய புருஷன் அஹ்ஸன். பகலில் கடையில் உட்கார்ந்து ஊராரின் கணினிகளைத் திருத்துவான். வீட்டுக்கு வந்தால் ரயில். வெளிநாட்டில் எவனோ செய்து சும்மா கொடுத்த எஞ்சின், பெட்டி, சிக்னல் கம்பம், ஸ்டேஷன் கூரை எல்லாம் பொதி பொதியாக இன்டர்நெட்டில் கிடக்கும். அவற்றை அவிழ்த்து, தோலை விரித்து, உடம்பை மாற்றி, மட்டக்களப்பிலிருந்து கடற்கரையோரமாக ஒரு பாதை போட்டுக்கொண்டிருந்தான். பாண்டிருப்பு, கல்முனை, கல்முனைக்குடி, சாய்ந்தமருது, காரைதீவு என்று ஊருக்கொரு ஸ்டேஷன். பஸ் நிலையத்துக்குப் பக்கத்தில் இன்டர்நெட் கடை வைத்திருந்த பாண்டிருப்புக் கிசோக் பொதிகளைச் சீடியில் இறக்கிக் கொடுப்பான். கலியாணமான புதிதில் புருஷனோடு கதைக்க வேறு வழியில்லாமல் ஸம்றாவும் பக்கத்தில் கதிரையைப் போட்டு அந்த வேலையைப் பழகிக்கொண்டாள்.

தோலுக்குப் படம் எடுப்பதிலும் அவனுக்கு ஒரு முறை இருந்தது. சுவரென்றால் நேர் எதிரே நின்று எடுக்கவேண்டும். நிழல் விழக்கூடாது. ஆள் விழவே கூடாது. சுனாமியில் கடல் ஊருக்குள் வந்த ஞாயிற்றுக்கிழமை காலையிலும் அதற்காகத்தான் போனான், மீன் வாடியின் கிடுகுச் சுவரை எடுக்க. தேத்தண்ணியை மூடி வைக்கச் சொல்லிவிட்டுப் போனான். கமராவும் வரவில்லை, ஆளும் வரவில்லை, அடக்க ஒரு மையத்தும் வரவில்லை. வீடு பெருந்தெருவுக்கு மேற்கே இருந்தபடியால் தண்ணீர் முழங்காலளவு வந்து, மேசை மேலிருந்த கணினியைத் தொடாமல் திரும்பிப் போனது. எதைக் கொண்டுபோவது, எதை விட்டுவைப்பது என்கிற விவஸ்தை அந்தக் கடலுக்கு இருக்கவில்லை.

அதற்குப் பிறகு நாலு வருஷம். காணாமல்போனவனின் மனைவி அவ்வளவு காலம் பார்த்திருக்க வேண்டும் என்றார்கள், பார்த்திருந்தாள். ஊர் அவளைக் கைம்பெண்ணோடும் சேர்க்கவில்லை, புருஷன் உள்ளவளோடும் சேர்க்கவில்லை. கலியாண வீடுகளில் எந்தப் பாயில் இருத்துவதென்று தெரியாமல் குசினிக்குள் அனுப்பினார்கள். நாலு வருஷம் கழிந்ததும் கழியாததுமாக அவளுடைய மூத்த சகோதரர், காக்கா ஆதம்பாவா, காதியாரிடம் போய் அஹ்ஸன் மௌத்து, இறந்துவிட்டான் என்று தீர்ப்பு வாங்கிவந்தார். பள்ளியில் மையத்து இல்லாமலே ஜனாஸாத் தொழுகை நடந்தது. அன்றிலிருந்து இத்தா. நாலு மாதமும் பத்து நாளும் வெள்ளை உடுத்து, யன்னலுக்கு வெள்ளைத் துணி கட்டி, அந்நிய ஆண்பிள்ளையின் கண்ணில் படாமல் அறைக்குள் இருக்கவேண்டும். முடிந்ததும் சாய்ந்தமருது அபூசாலியோடு நிக்காஹ். அரிசிக் கடைக்காரர், மனைவியை இழந்தவர், அமைதியான மனிதர் என்றார்கள். அவர் எப்படிப்பட்டவர் என்பதுகூட ஸம்றாவுக்குப் பெரிதாகப் படவில்லை. காத்திருப்பு முடிந்தால் போதும். நிறமுள்ள சேலையோடு கதவைத் திறந்து வெயிலில் இறங்கி நடந்தால் போதும். வேறு ஒன்றும் அவள் கேட்கவில்லை.

மௌத்தானவரின் சாமான் எதுவும் தன் வீட்டுக்குள் வரக்கூடாது என்று மட்டும் அபூசாலி சொல்லியனுப்பியிருந்தார். கணினியை விற்றுவிடுவதாகக் காக்கா ஒத்துக்கொண்டுமிருந்தார். அந்த நேரத்தில்தான் காக்காவின் மனைவி றாஹிலா ஒரு சீடியைக் கொண்டுவந்து மேசையில் வைத்தாள்.

"பாண்டிருப்புக் கிசோக் கடப்படியில நிண்டு தந்திட்டுப் போறான் கா. இப்ப புது விளையாட்டு வந்திரிக்காம். அஹ்ஸன் மச்சான்ட பாதையப் புதுசுக்கு மாத்திக் குடுத்தா அவர்ட பேரோட இன்டர்நெட்டில போடுவானாம். வெளிநாட்டில ஆக்கள் கேக்காங்களாம். எனக்கென்ன விளங்குது."

"காக்காட்ட செல்லிராதீங்க மச்சி," என்றாள் ஸம்றா.

அஹ்ஸனுக்குத் தலைமாட்டில் நடுகிற ஒரு மீசான் கட்டைகூட இல்லை, நட இடமுமில்லை. பேராவது எங்காவது கிடக்கட்டும் என்றுதான் தொடங்கினாள். கதவைச் சாத்திக்கொண்டு ஒவ்வொரு பொதியாக அவிழ்த்தாள். றாஹிலாவின் பிள்ளைகள் மாமி அறைக்குள் ஓதிக்கொண்டிருக்கிறா என்று நினைத்துச் சத்தம் போடாமல் விளையாடின.

ஒரு விஷயத்தில் மட்டும் அவள் புருஷன் சொன்னபடி செய்யவில்லை. வெளிநாட்டார் செய்கிற ஸ்டேஷன் பொதிக்குள் ஆட்களும் இருப்பார்கள். பெட்டியோடு நிற்கிறவன், பேப்பர் படிக்கிறவன், பிள்ளையைக் கையில் பிடித்த பெண். அஹ்ஸன் பொதியை அவிழ்த்தவுடன் முதல் வேலையாக அவர்களைத்தான் அழிப்பான். "உசிருள்ளதுக்கு உருவம் வெச்சா, நாளைக்கு மறுமையில அதுக்கு உசிரக் குடு எண்டு கேப்பாங்க. நான் எங்க போறது?" என்பான். அதனால் அவனுடைய பாதையில் ஸ்டேஷன் ஸ்டேஷனாக ரயில் நிற்கும், ஒரு குருவியும் ஏறாது. ஸம்றா இந்தத் தடவை அவர்களை அழிக்கவில்லை. மாதக்கணக்காக நாலு சுவரையும் றாஹிலாவின் முகத்தையும் பார்த்துப் பார்த்து அலுத்துப்போயிருந்தாள். மனிதர் நாலு பேர் நின்றால் என்ன கெட்டுவிடப்போகிறது என்று எல்லாரையும் உள்ளே விட்டாள்.

அவர்கள்தான் இப்போது முதுகைக் காட்டிக்கொண்டு நின்றார்கள்.

அன்று முழுக்க உட்கார்ந்து ஒவ்வொரு ஆளாகத் திருப்பினாள். தோல் கோப்புகளைத் தேடி உரிய இடத்தில் போட்டாள். மறுபடி ரயிலை ஓட்டிக்கொண்டு வந்தாள். பாண்டிருப்பு தாண்டியது, கல்முனை தாண்டியது, தென்னைகளுக்கு நடுவே மஞ்சள் வெயில் அடித்துக்கொண்டேயிருந்தது. விளையாட்டுக்குள் ஓடுகிற மணிக்கூட்டை அஹ்ஸன் நிறுத்தி வைத்திருந்தான். அஸருக்கும் மஃரிபுக்கும் இடையில் வருகிற அந்த வெளிச்சத்தில் அவனுக்கு அப்படியொரு ஆசை. சூரியன் விழுந்து மஃரிப் வந்தால் எழும்பித் தொழப் போகவேண்டும், விளையாட்டுக்குள்ளாவது அது வராமல் இருக்கட்டும் என்று சிரிப்பான். எவ்வளவு தூரம் ஓட்டினாலும் அவனுடைய சூரியன் தென்னை உச்சியை விட்டு இறங்காது.

கல்முனைக்குடி வந்தது. மேடையில் வெள்ளை ஆட்கள். மேற்கே பார்த்தபடி.

கிட்டே போய்ப் பார்த்தாள். பெட்டியைக் காணவில்லை, பேப்பரைக் காணவில்லை. பிள்ளையைப் பிடித்திருந்த பெண்ணின் கை சும்மா தொங்கியது. பொதிக்குள் சிதறி நின்றவர்கள் இப்போது வரிசையில் நின்றார்கள், தோளோடு தோள் முட்ட. மேற்குத்தான் கிப்லா. தொழ நிற்கிறார்கள் என்று ஒரு கணம் நினைத்தாள். தொழ நிற்கிறவர் கையைக் கட்டியிருப்பார்களே. அவள் கணினியை நிறுத்திவிட்டு எழுந்து போய் முகம் கழுவினாள்.

சித்தி லைலா வந்தது அதற்கு அடுத்த நாள். ஊரில் பெண் மையத்துகளைக் குளிப்பாட்டுகிறவள். சித்தி என்பது பெயரோடு வந்தது, உறவில்லை; ஸம்றாவோடு ஒரே வகுப்பில் படித்தவள். வாயில் வெற்றிலை, மனதில் பட்டதை அப்படியே சொல்லிவிடுவாள். இத்தா முடியப்போகிறதென்று பார்க்க வந்தவள் கட்டிலில் காலை நீட்டிக்கொண்டு உட்கார்ந்தாள்.

"ஒரு கவலைதான் புள்ள. உன்ட புருஷன்ட மையத்து கிடைச்சிருந்தா நீயே குளிப்பாட்டியிருக்கலாம். ஆம்பிளைய ஆம்பிளதான் குளிப்பாட்டணும். பொண்டாட்டிக்கு மட்டும்தான் அதில விதிவிலக்கு. இத்தா முடிஞ்சி இன்னொருத்தருக்கு நிக்காஹ் ஆயிட்டா, பிறகு அவர் உனக்கு அந்நியன்."

"கிடைச்ச மையத்துகளையாவது குளிப்பாட்டினாங்களா?" என்று ஸம்றா கேட்டாள்.

சித்தி லைலா எழுந்து போய் யன்னல் துணியை விலக்கி வெற்றிலையைத் துப்பிவிட்டு வந்தாள்.

"எங்க கா. மெசினால கிடங்கு வெட்டினாங்க. தண்ணியில மௌத்தானவங்க ஷஹீது, ஷஹீதுக்குக் குளிப்பு இல்லெண்டு ஆரோ ஒருத்தர் செல்லிட்டார். நாத்தமும் அவசரமும், எல்லாரும் ஓமெண்டுட்டாங்க. யுத்தத்தில மௌத்தான ஷஹீதுக்குத்தான் குளிப்பில்ல. தண்ணியில போனவருக்குக் குளிப்பு இரிக்கி, கபன் துணி இரிக்கி, எல்லாம் இரிக்கி. பிறகுதான் ஆலிம்மார் விளக்கம் செல்லுறாங்க. என்ன செய்யிற, தோண்டி எடுக்கிறதா?"

அவள் போன பிறகும் அந்தப் பேச்சு அறைக்குள்ளேயே கிடந்தது. லுஹர் தொழுதுவிட்டு ஸம்றா பாயில் சாய்ந்தாள். வெள்ளைத் துணியில் வெயில் பட்டு அறை முழுக்கப் பால் நிறமாக இருந்தது. குசினியில் றாஹிலா கருவாடு பொரித்த வாசம், தெருவில் பாண்காரனின் மணி, எங்கோ ஒரு கோழி. அதற்குள் பின்வளவிலிருந்து இன்னொரு சத்தம். வாளி கிணற்றில் விழுகிற சத்தம், கயிறு இழுபடுகிற சத்தம், பிறகு தண்ணீரை மெல்ல, மிக மெல்ல, எதன் மேலோ ஊற்றுகிற சத்தம். உடுப்புத் துவைக்கிறவர்கள் அப்படி ஊற்றுவதில்லை. குளிக்கிறவர்களும் அப்படி ஊற்றுவதில்லை.

"மச்சி, கிணத்தடியில ஆர்?"

"ஒருத்தருமில்லையே," என்று றாஹிலா குசினிக்குள்ளிருந்து சொன்னாள். "நான் இஞ்சதானே நிக்கன்."

மாலையில் பாதையைத் திறந்தபோது மேடை வெறுமையாக இருந்தது. அப்பாடா என்று வந்தது அவளுக்கு. பார்வையை மேலே தூக்கி ஊரைப் பார்த்தாள். அஹ்ஸன் தன் வீட்டுக்குப் போகிற ஒழுங்கையையும் விளையாட்டுக்குள் கட்டியிருந்தான், கடற்கரை வீதியிலிருந்து பள்ளியைக் கடந்து, பெருந்தெருவைத் தாண்டி, நீலக் கேற்று வைத்த இந்த வீடு வரைக்கும். அந்த ஒழுங்கைக்குள் நின்றார்கள். கடற்கரை வீதி மதகடியில் ஒரு கூட்டம். பள்ளிச் சுவரோடு ஒரு கூட்டம். மேடையில் வைத்தவர்களைவிட அதிகம் பேர். தென்னைக்கு நிழல் விழுந்திருந்தது, சுவருக்கு நிழல் விழுந்திருந்தது. அவர்களுக்கு இல்லை, தோல் இல்லாத உடம்புக்கு அந்த விளையாட்டில் நிழல் விழுவதில்லை.

இலக்கம் பிசகியிருக்கும் என்று நினைத்தாள். ஒவ்வொரு சாமானும் எங்கே நிற்பது என்பதற்கு இலக்கம் உண்டு. மாற்றும்போது அது நகர்ந்துவிடும். எல்லாம் சரி. நகர்ந்த சாமான் ஒரு பக்கமாக நகரும், ஒழுங்கை திரும்புகிற இடத்தில் தானும் திரும்புமா? அஹ்ஸன் செய்வதையே செய்தாள். ஆட்களின் கோப்பு அத்தனையையும் அழித்தாள். குப்பைக் கூடையையும் வெறுமையாக்கினாள். கிசோக்கின் சீடியை வெளியே எடுத்து அலுமாரிக்குள் வைத்துப் பூட்டினாள். பிறகு பாதையைத் திறந்தாள்.

பெருந்தெருவைத் தாண்டியிருந்தார்கள்.

அன்றிரவு றாஹிலாவின் பிள்ளைகளைத் தன் கட்டிலில் படுக்க வைத்துக்கொண்டாள். காக்காவிடம் சொல்லலாமா என்று யோசித்தாள். என்னவென்று சொல்வது? அழித்த ஆட்கள் ஒழுங்கைக்குள் வருகிறார்கள் என்றா? இத்தாவில் இருக்கிறவளுக்கு மூளை பிசகிவிட்டது என்று அபூசாலிக்குச் செய்தி போகும், நிக்காஹ் நின்றுவிடும், மறுபடி குசினி. அஹ்ஸன் மேல் அவளுக்கு ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. ரயில் ஓடாத ஊருக்கு ரயில் விட்டு, அதற்கு ஒரு சுவரைப் படம் எடுக்கப் போய், ஐந்தாவது வருஷமும் என்னை இந்த அறைக்குள் வைத்திருக்கிறாயே, போய்த் தொலையேன் என்று மனதுக்குள் ஏசினாள். ஏசிவிட்டு அழுதாள்.

இத்தாவின் கடைசி நாள் விடியும்போதே தெருவில் வெடி கொளுத்தத் தொடங்கிவிட்டார்கள். யுத்தம் முடிந்துவிட்டதாம். வடக்கே எல்லாம் முடிந்துவிட்டதாம். கடைகளில் கொடி கட்டச் சொல்லியிருந்தார்கள். முகாமடியில் பாற்சோறு கொடுத்தார்கள். லுஹருக்குப் பிறகு காக்கா, றாஹிலா, பிள்ளைகள் எல்லாரும் நிக்காஹுக்குச் சாமான் வாங்கப் புறப்பட்டார்கள்.

"மஃரிபுக்கு முன்னம் வந்திருவம்," என்று றாஹிலா ரோஸ் நிறச் சேலை ஒன்றைக் கட்டில் மேல் விரித்துவிட்டுச் சொன்னாள். "பாங்கு சொன்னதும் இதக் கட்டிக்கிட்டு வாசலுக்கு வா. நான் தேத்தண்ணி ஊத்தித் தாறன்."

"கிசோக்குக்கு ஒரு சீடி குடுக்க இரிக்கி மச்சி. கடையில குடுப்பீங்களா?"

"அவன்ட கடை பூட்டிக் கிடக்கு புள்ள. பாண்டிருப்புப் பக்கம் ஒரு சத்தமும் இல்ல. தம்பி ஒருத்தன் வன்னியில நிண்டவனாம், கதையே இல்லையாம்."

அந்த வீட்டுக்கும் யாராவது போய் நாலு வருஷம் பார்த்திருங்கள் என்று சொல்லுவார்கள் என்று ஸம்றா நினைத்தாள். கேற்றுப் பூட்டுகிற சத்தம் கேட்டது. ஓட்டோ போய்விட்டது.

ரோஸ் சேலையைத் தொட்டுப் பார்த்தாள். நிறம் கண்ணைக் கூசியது. இன்னும் ஒரு பொழுது. அஸர் பாங்கு சொன்னது, தொழுதாள். கிசோக் எப்போது கடை திறப்பானோ, அன்றைக்குக் கொடுக்க ஒரு சீடியில் எழுதி வைத்துவிட்டால் அஹ்ஸனுக்குச் செய்யவேண்டியது முடிந்தது. கணினியைப் போட்டாள். பாதை சரியாக இருக்கிறதா என்று ஒரே ஒரு தடவை, கடைசியாக.

மேடையில் ஒருவருமில்லை. மதகடியில் இல்லை. பள்ளிச் சுவரோடு இல்லை. பெருந்தெரு வெறிச்சென்று கிடந்தது. ஒழுங்கை நெடுக மஞ்சள் வெயில், நீலக் கேற்று, கேற்றுக்குள் வீடு. அவளுடைய யன்னல். யன்னலில் வெள்ளைத் துணி கட்டியிருந்தது. அஹ்ஸன் இந்த வீட்டைச் செய்தபோது இத்தா ஏது, வெள்ளைத் துணி ஏது?

பார்வையை வீட்டுக்கு மேலாகத் தூக்கி மெல்லப் பின்வளவுக்குக் கொண்டுபோனாள்.

கிணறு. கிணற்றடியில் உட்காருகிற நீள வாங்கு இரண்டு. வாங்குகளின் மேல் கழற்றிய கதவு ஒன்று. கடல் வந்த அன்றைக்குப் பலகை போதாமல் வீட்டுக் கதவுகளைக் கழற்றி இப்படித்தான் வைத்தார்கள். அவள் கண்ணால் கண்டிருக்கிறாள். கதவின் மேல் ஒருவர் கிடந்தார். வெள்ளை. அஹ்ஸன் அதைச் செய்யவில்லை. செய்யமுடியாது.

வயரைப் பிடுங்கினாள். திரை கறுத்தது. விசிறி நின்றது.

வெடிச் சத்தமும் நின்றிருந்தது. எப்போது நின்றதென்று தெரியவில்லை. பாண்காரன் இல்லை, கோழி இல்லை, தெருவில் ஒரு ஓட்டோ இல்லை. அறைக்குள் ஒரு நாற்றம் நுழைந்தது. கடலின் அடியில் கிடந்த சேற்று நாற்றம், அதற்கு மேலே கற்பூரம். பின்வளவில் வாளி கிணற்றுக்குள் விழுந்தது. கயிறு இழுபட்டது. நின்றது. யாரும் ஊற்றவில்லை.

காத்திருந்தது.

போகக்கூடாது என்று நினைத்தாள். மஃரிப் வரைக்கும் இங்கேயே இருந்துவிடலாம். பாங்கு சொல்லட்டும். பாங்கு சொன்னால் இத்தா முடிந்தது. ரோஸ் சேலையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு கட்டில் விளிம்பில் உட்கார்ந்தாள். யன்னல் துணியில் வெயில் மஞ்சளாக விழுந்திருந்தது. துணியின் முடிச்சு நிழலாகச் சுவரில் விழுந்திருந்தது. அதையே பார்த்தாள். நேரம் போனது. நிறைய நேரம் போனது. கால் விறைத்தது, தொண்டை வறண்டது. முடிச்சின் நிழல் விழுந்த இடத்திலேயே இருந்தது.

யன்னல் துணியை விலக்கினாள்.

சூரியன் தென்னை உச்சியில் நின்றது.

அவளுக்கு விளங்கிவிட்டது, இது அஹ்ஸன் நிறுத்தி வைத்த சூரியன். விளங்கியதை மனம் ஏற்கவில்லை. சேலையைக் கட்டிலில் வைத்தாள். எழுந்தாள். குசினி. குசினிக்குள் ஈரம். பின்கதவு. தாழ்ப்பாளை நீக்கினாள்.

கழற்றிய கதவு. வாங்கு இரண்டு. மேலே கிடந்தவர்.

அவருக்குப் பின்னால் கிணற்றுக் கட்டோடு ஒருவர் நின்றார். அவருக்குப் பின்னால் ஒருவர். வேலி விழுந்து கிடந்தது, வேலிக்கு அப்பால் ஒழுங்கை, ஒழுங்கை முழுக்க. நின்றார்கள். பெரியவர்கள், பெண்கள், இடுப்பளவு, முழங்காலளவு. பள்ளியைக் கடந்து, மதகைக் கடந்து, கடல் தெரிகிற இடம் வரைக்கும். எல்லாரும் இவளைப் பார்த்து. பார்க்கக் கண் இல்லை.

"நீங்களா?" என்றாள், பலகையில் கிடந்தவரிடம்.

கிட்டே போனாள். அஹ்ஸனுக்கு நெற்றியில் ஒரு தழும்பு உண்டு. இதற்கு நெற்றியே இல்லை. முகம் இருக்கவேண்டிய இடத்தில் ஒரு துணி விளிம்பு மாதிரித் தெரிந்தது. பிடித்து விலக்கினாள். உள்ளே வெள்ளை. அதையும் விலக்கினாள். வெள்ளை. கை, வெள்ளை. விரல், நகமில்லாமல் வெள்ளை. புருஷனென்றால் குளிப்பாட்டவேண்டியவள் இவள் ஒருத்திதான். இத்தா முடியுமுன் செய்யவேண்டும். அந்நியனென்றால் தொடுவதே ஹராம். எது அவன்? இதுவா, அடுத்ததா, மதகடியில் நிற்பதா?

வாளி கிணற்றுக் கட்டில் நிறைந்து இருந்தது. தூக்கினாள். ஊற்றினாள், வலப்பக்கம் முதலில், மெல்ல, மிக மெல்ல. சித்தி லைலா செய்வதைப் பார்த்திருக்கிறாள். தண்ணீர் வெள்ளையின் மேல் ஓடியது. நனைக்கவில்லை. இடப்பக்கம் ஊற்றினாள். தலையில் ஊற்றினாள். முகம் வரவில்லை.

பாங்குக்குக் காது கொடுத்தாள்.

தென்னை உச்சியில் சூரியன். கிணற்றுக் கப்பியின் நிழல் அதே இடத்தில். அவளுடைய நிழல் அதன் பக்கத்தில். வேறு ஒருவருக்கும் நிழல் இல்லை.

வாளியைக் கிணற்றுக்குள் விட்டாள்.

பலகையில் கிடந்தது எழும்பித் தள்ளி நின்றது. அடுத்தது வந்து படுத்தது.